ஊசிமுனையின் முகம்

ஜூன் 3, திங்கள்

ஊசிமுனைக்கு இன்று ஆறு மாதம் நிறைந்தது. பிறர் கையில் மூன்று நாள் தாங்கினாலே பெரிது எனப்படும் பொருள், என் கையில் இன்னமும் உழைக்கிறது. எல்லாம் அவன் அருள். ஓரளவு என் கை நிதானமும் என்று எழுதிக்கொள்வதில் பிழையில்லை.

காலைச் சிற்றுண்டியின்போது மனையாள் கேட்டாள்: "ஆறு மாசமா ஒரே ஊசியைக் கொஞ்சிக்கிட்டிருக்கீங்களே, அது அப்படி என்னதான் தைக்குது?"

தைக்காது, தடவும் என்றேன். அரிசிமணி அளவில் ஒரு சிலிக்கான் சில்லு. அதன் ஓரத்திலிருந்து மயிரிழையினும் மெல்லியதாக நீளும் ஒரு நாக்கு. அந்த நாக்கின் நுனியில், எந்தக் கண்ணுக்கும் புலப்படாத ஒரு கூர்முனை. அது ஒரு பொருளின் மேற்பரப்பை வரிவரியாகத் தடவிச் செல்லும்போது, மேட்டில் நாக்கு உயரும், பள்ளத்தில் தாழும். நாக்கின் முதுகில் பட்டுத் திரும்பும் லேசர் ஒளி அந்த ஏற்ற இறக்கத்தை உணர்த்த, கணினி அதைப் படமாக வரையும். காணாமலே அறிவது. ஆண்டவனை அறியவும் ஆன்றோர் காட்டிய நெறி ஏறத்தாழ இதுவே என்று சேர்த்துச் சொன்னேன்.

"அதெல்லாம் எனக்குப் பழக்கந்தான். நாப்பது வருஷமா உங்களை அப்படித்தானே புரிஞ்சுக்கறேன்" என்று தட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

நான் நுண்ணோக்கி அறையைப் பார்த்துக்கொள்ளும் ஆராய்ச்சி நிறுவனத்தில், பண்டகசாலைக் காப்பாளருக்குச் 'சிக்கனம்' என்று பெயர். நேரில் யாரும் அப்படி அழைப்பதில்லை. அவருக்கும் அது தெரியும். என்னைக் கண்டதும் வாயெல்லாம் பல்லாக எழுந்து நின்றார். "ஐயா, உங்களைப் பாத்து மத்தவங்க கத்துக்கணும். இவங்க எல்லாம் ஊசி கேக்கறாங்களா, வறுத்த கடலை கேக்கறாங்களான்னே எனக்குப் புரியல."

ஒன்பது ஆண்டுகள் இரு குழந்தைகளை வளர்த்துவிட்டு மீண்டும் படிக்க வந்த என் மருமகளுக்கு ஜூலை 5 அன்று முனைவர் பட்ட வாய்மொழித் தேர்வு. அவளுடைய ஆய்வேட்டின் நான்காம் அதிகாரம் முழுவதும் இந்த ஊசிமுனை எடுத்த படங்களின்மேல்தான் நிற்கிறது. எங்கள் வீட்டில் இப்போது அனைவரும் மூச்சைக்கூட மெதுவாகவே விடுகிறோம்.


ஜூன் 4, செவ்வாய்

தேர்வில் திரையிட்டுக் காட்டுவதற்காக இன்னொரு படம் வேண்டும் என்று மருமகள் கேட்டிருந்தாள். எடுத்துக் கொடுத்தேன். என்ன அழகு!

சூரியத் தகடுகளின்மேல் தூசி தங்காதிருக்க, கண்ணாடியில் பூசும் ஒரு மெல்லிய பூச்சு அவளுடைய ஆராய்ச்சி. தகட்டைச் சற்றே சாய்த்தால் தூசி தானே வழிந்தோடுகிறது. ஏன் ஓடுகிறது என்பதற்கு விடை இந்தப் படங்களில் இருக்கிறது. பூச்சின் நுண்மணிகள் ஒவ்வொன்றும் சிறகு விரித்தாற்போன்ற ஒரே வடிவம். அத்தனையும் ஒரே திசை நோக்கிச் சாய்ந்திருக்கின்றன. கூரை ஓடுகளின்மேல் மழைநீர் வழிவது போல் அச்சாய்வின் வழியே தூசி வழிகிறது என்பது அவள் கொள்கை.

எனக்குத் தோன்றியது வேறு. திரைச்சீலை விலகும் கணத்தில் சன்னிதியை நோக்கி ஒருசேரத் திரும்பிய அடியார் கூட்டம் அது. ஒருவரேனும் முகம் திருப்பி நிற்கவில்லை.

அவளுடைய வழிகாட்டிப் பேராசிரியர் முன்பே சொல்லிவிட்டாராம்: "இந்த ஒரு படம் போதும்மா. யாரும் கேள்வி கேக்க மாட்டாங்க."

"மாமா, உங்க சாமி என் கட்சி" என்றாள் மருமகள்.


ஜூன் 7, வெள்ளி

மின்தடை. ஊசிமுனைக்கு ஓய்வு. எனக்கும்.


ஜூன் 12, புதன்

பல் மருத்துவர் அம்மையார் ஒருவர் பிடுங்கிய பல்லின் துண்டு ஒன்றை மெருகேற்றிக் கொண்டுவந்தார். பற்பசை மாற்றினால் பல்லின் மேற்பரப்பு எப்படி மாறுகிறது என்று அறிய வேண்டுமாம். வழக்கம்போல் மனத்துள் ஒரு பாசுரத்தை ஓதி, முனையை இறக்கினேன்.

படம் வரிவரியாக எழுந்தது. எனக்கு மெய் சிலிர்த்தது.

பல்லிலும் அதே மணிகள். அதே சிறகு. அதே திசை!

எங்கும் நிறைந்த ஒரே உரு என்று மறைகள் முழங்குவதை இளமை முதல் ஓதி வந்திருக்கிறேன், கண்ணால் கண்டதில்லை. இன்று கண்டேன் என்றே நினைத்தேன். கண்ணில் நீர் மல்க அம்மையாரிடம் அதைச் சொல்லவும் செய்தேன்.

அவர் திரையை உற்றுப் பார்த்தார். "அப்படிங்களா சார்? சொத்தை தெரியுதுங்களா?"

பேருந்தில் ஏறி அமர்ந்தும் அந்தப் பேரின்பம் தணியவில்லை. மூன்றாவது நிறுத்தம் வரை தணியவில்லை. எங்கும் ஒரே உரு. கண்ணாடிப் பூச்சிலும் மனிதப் பல்லிலும் ஒரே உரு. கண்ணாடிக்கும் பல்லுக்கும் என்ன உறவு?

அவை இரண்டையும் தொட்டது ஒன்றே ஒன்றுதான்.

இறங்க வேண்டிய நிறுத்தத்தைக் கோட்டைவிட்டேன்.


ஜூன் 13, வியாழன்

காலையில் முதல் வேலையாக மருமகளின் கண்ணாடியைக் கால்வட்டம் திருப்பி வைத்துப் படம் எடுத்தேன்.

மணிகள் திரும்பவில்லை.

மண்டபத்தையே திருப்பி வைத்தால் உள்ளே நிற்கும் அடியாரும் உடன் திரும்பியாக வேண்டும். இவர்கள் அசையவில்லை. ஆகவே இவர்கள் மண்டபத்தில் இல்லை. பார்க்கின்ற கருவியில் இருக்கிறார்கள்.

என் ஊசிமுனை என்றோ உடைந்துபோயிருக்கிறது. உடைந்த இடம் சிறகு வடிவில் அகன்றுவிட்டது. மேற்பரப்பின் மணிகள் அதைவிடக் கூர்மையானவை. ஆதலால் ஒவ்வொரு மணியின்மேலும் முனை ஊர்ந்தபோது, முனை மணியைத் தடவவில்லை. மணிதான் முனையைத் தடவியிருக்கிறது. படத்தில் பதிந்தது முனையின் சொந்த முகம். ஆயிரம் மணிகள், ஆயிரம் முறை அதே முகம்.

இந்த அறைக்குப் புதிதாக வருவோர் ஒவ்வொருவரையும் மாதிரியைத் திருப்பிவைத்து மறுபடி எடுக்கச் செய்யாமல் நான் விட்டதில்லை. என் வீட்டுப் பிள்ளையின் ஆய்வுக்கு மட்டும் செய்யவில்லை. ஏன்? என் ஊசி என்பதால். நான் வணங்கி இறக்கிய ஊசி என்பதால்.

கண்ணிலா ஊசி தடவியே காட்டியதை
உண்மையென் றோதினேன் யான்.

வெண்பா தளை தட்டாமல் வந்து அமர்ந்துவிட்டது. வாழ்க்கைதான் தட்டுகிறது.

எப்படிச் சொல்றது? அந்தப் பொண்ணு முகத்தைப் பாத்து எப்படி... ஆய்வேடு அச்சாகித் தேர்வாளர் கைக்கே போயாச்சு. தேர்வுக்கு இன்னும் மூணே வாரந்தான். ஒன்பது வருஷம் காத்திருந்து வந்தவ.

மனையாளிடம் சொன்னேன். நடுவில் குறுக்கிடாமல் கேட்டாள். அதுவே எனக்கு அச்சமூட்டியது. பிறகு, "நாளைக்குச் சொல்லிடுங்க. அழுதா அழட்டும். நீங்க முந்திக்கிட்டு அழாதீங்க" என்றாள்.


ஜூன் 14, வெள்ளி

சொல்லிவிட்டேன்.

மருமகள் கூடத்தில் அமர்ந்து காய்ந்த துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள். நான் சொல்லி முடிக்கும்வரை ஒரே சட்டையை மடித்தாள், பிரித்தாள், மறுபடி மடித்தாள்.

"சாமி கும்பிட்டு எறக்கற ஊசின்னுதானே மாமா, ஒரு கேள்விகூட கேக்காம இருந்தேன்."

"கேட்டிருக்கணும்மா."

"ஆமா, கேட்டிருக்கணும். நீங்களும் கேட்டிருக்கணும்."

அந்நேரம் பார்த்து, அடுத்த அறையிலிருந்து அனைத்தையும் கேட்டுக்கொண்டிருந்த என் மகன் தலையை நீட்டினான்.

"அப்பா, அப்ப உங்க ஊசி ஆறு மாசமா செல்ஃபி எடுத்துக்கிட்டிருந்துதா?"

மனையாளுக்குச் சிரிப்பு பீறிட்டது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். மருமகள் கையிலிருந்த சட்டையை அவன்மேல் எறிந்தாள். எறிந்தவள் தானும் சிரித்தாள். அப்படியே கொஞ்சம் அழுதாள். பிறகு மூக்கைத் துடைத்துக்கொண்டு ஒன்று சொன்னாள்:

"ஆனா தூசி ஓடுது மாமா. அதை நான் கண்ணால பாத்தேன். அது பொய் இல்லையே?"

இல்லை, அது பொய்யில்லை என்றேன்.

"அப்ப திங்கக்கிழமை புது ஊசி வாங்குங்க."


ஜூன் 17, திங்கள்

சிக்கனத்தின் முன் போய் நின்றேன்.

"ஐயா... நீங்களா? நீங்களுமா?" கோபுரம் சாய்வதைக் கண்டவர் போல் பார்த்தார். "ஆறு மாசம் ஓடினது இன்னும் ஒரு வாரம் ஓடாதா?"

"ஓடும். பொய் சொல்லிக்கிட்டே ஓடும்."

பெட்டியைத் திறந்து, பசைமெத்தையில் வரிசையாகப் படுத்திருந்த சில்லுகளில் ஒன்றை மனமில்லாமல் கொடுத்தார். பெண்ணைக் கட்டிக்கொடுப்பவர் முகம்கூட அவ்வளவு வாடியிராது.

அறைக்கு வந்து, சாமணத்தால் சில்லைப் பற்றித் தூக்கினேன். இத்தனை ஆண்டுகளில் ஒரு சில்லைக்கூட நழுவவிடாத கை இன்று நழுவவிட்டது. சில்லு துள்ளியது. எங்கே விழுந்தது என்று தெரியவில்லை.

"மாமா, அசையாதீங்க! அப்படியே நில்லுங்க!" என்று மருமகள் கூவினாள். ஒற்றைக் காலில் தவம் செய்யும் முனிவர் போல் நின்றேன். அவள் கைவிளக்கை ஏந்தித் தரை முழுவதும் தவழ்ந்து தேடினாள். கடைசியில் சில்லு என் சட்டைப்பையின் விளிம்பில் ஒட்டிக்கொண்டிருந்தது. நாக்கு ஒடிந்திருந்தது.

மறுபடி பண்டகசாலை. சிக்கனம் நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். "காலைல எடுத்தது என்னங்க ஆச்சு?"

"சட்டைப்பையில இருக்கு."

இரண்டாவது சில்லை மருமகளே எடுத்துப் பொருத்தினாள். நான் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன். ஒரே முறையில் அமர்ந்தது.


ஜூன் 18, செவ்வாய்

கண்ணாடியில் முன்பே இட்டிருந்த கீறலை அடையாளமாகக் கொண்டு, பழைய படத்தில் உள்ள அதே இடத்தைப் புதிய முனையால் எடுத்தோம்.

அடியார் கூட்டம் இல்லை. சிறகு இல்லை. திசை இல்லை. சிதறிக் கிடக்கும் கடுகு போல உருண்டையான மணிகள். நான் எண்ணியிருந்ததைவிட மிகச் சிறியன. ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு அவரவர் போக்கில் கிடக்கின்றன. சன்னிதி அன்று, சந்தை.

கண்ணாடியைத் திருப்பினோம். மணிகளும் உடன் திரும்பின.

உண்மைதான். ஆயினும் பழைய படம் அழகாக இருந்தது என்று முணுமுணுத்தேன். "அழகா இருந்துச்சு மாமா. அதுதான் நம்மளைக் கவுத்துச்சு" என்றாள்.


ஜூன் 20, வியாழன்

இரு படங்களையும் வழிகாட்டிப் பேராசிரியரிடம் கொண்டுபோனாள். நான் வெளியே நாற்காலியில் இருந்தேன், கதவு சாத்தியிருக்கவில்லை.

அவர் படங்களை வாங்கி மேசைமேல் பரப்பும் ஓசை கேட்டது. பிறகு சொன்னது காதில் விழுந்தது: "ஏட்டை அனுப்பியாச்சு. வர்ற தேர்வாளர் பூச்சு வேதியியல்காரர். ஊசி சமாச்சாரம் அவருக்குத் தெரியப்போறதில்ல. பேசாம இருந்துட்டா பட்டம் கைல. இல்லன்னா ஏட்டைத் திருப்பி வாங்கிக்கலாம். ஒரு வருஷம் தள்ளிப் போகும். நீயே முடிவு பண்ணு."

அவர் தீயவர் அல்லர். அவளுக்கு நல்லது என்று எண்ணியே சொன்னார். அதனால்தான் அந்தச் சொல் அவ்வளவு கனத்தது.

வெளியே வந்தவள், "தூசி ஏன் ஓடுதுன்னு எனக்கே தெரியல மாமா. அது தெரியாம அங்க போய் நின்னு என்னத்தைச் சொல்றது?" என்றாள்.

என்ன சொல்ல வேண்டும் என்று என் நாவில் அறநூல் வாசகங்கள் வரிசை கட்டி நின்றன. விழுங்கிவிட்டேன். அதைச் சொல்லும் தகுதி இந்த வாரம் எனக்கில்லை.


ஜூன் 23, ஞாயிறு

இன்று எங்கள் அடுக்களை ஆராய்ச்சிக்கூடமாயிற்று.

தேநீர் போட நுழைந்த மருமகள், சர்க்கரை டப்பாவை எடுக்கப்போன கையோடு அப்படியே நின்றுவிட்டாள். "மாமா! நான் தூசியை எப்பவும் ஒரே பக்கமாத்தானே ஓட விட்டிருக்கேன்!"

உண்மை. மணிகள் ஒரு திசையில் சாய்ந்திருப்பதாகப் படம் காட்டியது முதல், கண்ணாடியின் பின்புறம் மையினால் ஓர் அம்புக்குறி இட்டு, அத்திசையில் மட்டுமே அவள் சாய்த்துப் பார்த்து வந்திருக்கிறாள். குறுக்கே சாய்த்ததில்லை. எதிரே சாய்த்ததில்லை. ஏன் சாய்க்க வேண்டும்? படம்தான் திசையைச் சொல்லிவிட்டதே!

வீட்டில் அவளிடம் ஒரு பூச்சுக் கண்ணாடி இருந்தது. தூசிக்குப் பதிலாக அரிசி மாவு. மகன் கண்ணாடியைப் பிடித்தான். அவள் மாவைத் தூவினாள். நான் விலகி நின்றேன், யாரும் சொல்லாமலே.

அம்புக்குறியின் பக்கம் சாய்த்தோம். மாவு ஓடியது. குறுக்கே சாய்த்தோம். ஓடியது. எதிர்ப்பக்கம் சாய்த்தோம். ஓடியது! பூச்சில்லாத வெறுங்கண்ணாடியில் தூவிச் சாய்த்தோம். அங்கே அப்பிக்கொண்டு நகர மறுத்தது.

"திசையே இல்ல மாமா! திசை வேண்டியதே இல்ல!" என்று மாவுக் கையோடு என் தோளைப் பிடித்து உலுக்கினாள். மணிகள் அத்தனை சிறியவை, அத்தனை நெருக்கமானவை. பெரிய தூசித் துகள் அவற்றின் உச்சிகளை மட்டுமே தொட்டு நிற்கிறது. ஆணி முனைகளின்மேல் வைத்த பந்து போல. ஒட்டிக்கொள்ள இடமே இல்லை. ஆகவே எந்தப் பக்கம் சாய்த்தாலும் போகிறது. தகட்டை எப்படி வைத்துப் பொருத்தினாலும் சரி! பழைய கொள்கையைவிட இது நல்ல செய்தி அன்றோ!

வாசலில் மனையாள் இடுப்பில் கை வைத்து நின்றாள். அடுப்பு வெள்ளை. தரை வெள்ளை. அவள் பிள்ளையின் புருவம் வெள்ளை.

"எந்தப் பக்கம் சாய்ச்சாலும் ஓடுதுன்னு கண்டுபிடிச்சிட்டீங்க. சந்தோஷம். ஓடினது எங்க போச்சுன்னு பாத்தீங்களா?"

மகனும் நானும் துடைத்தோம்.


ஜூன் 25, செவ்வாய்

ஆய்வகத்தில் முறையான தூசியைக்கொண்டு செய்து பார்த்தாள். அதே விடை.

பேராசிரியரிடம் சொன்னாளாம்: "சார், ரெண்டு படத்தையும் காட்டப்போறேன். எது ஊசியோட மூஞ்சி, எது பூச்சோட மூஞ்சின்னு சொல்லப்போறேன். நீங்க பக்கத்துல இருந்தா எனக்குத் தெம்பா இருக்கும்." அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துத் துடைத்துப் பார்த்துவிட்டு, "இருக்கேன். ஆனா தண்ணி பாட்டில் ரெண்டு வை. ஒண்ணு எனக்கு" என்றாராம்.


ஜூலை 4, வியாழன்

நாளை. வழிபாட்டில் வேண்டுதல் எதுவும் வைக்கவில்லை. எதை வேண்டுவது என்று தெரியவில்லை.


ஜூலை 5, வெள்ளி

கடைசி வரிசையில் அமர்ந்தேன். மனையாள் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். அன்பினால் அன்று, நான் எழுந்து ஏதும் சொல்லிவிடக் கூடாதே என்பதற்காக.

நான்காம் அதிகாரம் வந்தது. முதலில் பழைய படம். அரங்கில் ஒரு மெல்லிய வியப்பொலி எழுந்தது, அவ்வளவு அழகு. "ஏட்டுல இருக்கற படம் இது. இது தப்பு" என்றாள், குரல் சற்றும் தாழாமல். கண்ணாடியைத் திருப்பியும் திரும்பாத மணிகளைக் காட்டினாள். பல்லின் படத்தைக் காட்டினாள். "என் பூச்சும் ஒருத்தரோட கடைவாய்ப் பல்லும் ஒரே மாதிரி இருக்குன்னா, ரெண்டுல ஒண்ணு பொய். இங்க ரெண்டுமே பொய். நிஜம் ஊசி மட்டுந்தான்." பிறகு புதிய படம், பிறகு நான்கு திசையிலும் ஓடும் தூசி.

அவள் பேசி முடித்தபின் தேர்வாளர் நெடுநேரம் ஏட்டின் பக்கங்களைப் புரட்டினார். என் மணிக்கட்டில் மனையாளின் நகம் பதிந்தது.

"இதை யாரு கண்டுபிடிச்சது?"

"எங்க மாமனார் சார். ஊசியும் அவருதுதான்."

எல்லாத் தலையும் திரும்பிற்று. நான் மேற்கூரையைப் பார்த்தேன்.

தேர்வாளர் பேனாவை மூடி வைத்தார். "எங்க ஆய்வகத்துல ரெண்டு வருஷமா எந்தப் பூச்சை எடுத்தாலும் மீன் செதில் மாதிரி படம் வருது. அதைப்பத்தி ஒரு கட்டுரைகூட எழுதி முடிச்சு வெச்சிருக்கோம்." எழுந்து நின்றார். "ஒரு அஞ்சு நிமிஷம் குடுங்கம்மா. ஒரு போன் பண்ணிட்டு வந்துடறேன்."

வழிகாட்டிப் பேராசிரியர் இரண்டு பாட்டில் தண்ணீரையும் குடித்துவிட்டிருந்தார்.

போன் பேசி வந்தவர் மேலும் ஒரு மணிநேரம் கேள்வி கேட்டார். அனைத்தும் மெய்யாகவே அறிந்துகொள்ள விரும்புகிறவரின் கேள்விகள். நான்காம் அதிகாரத்தைத் திருத்தி எழுத வேண்டும் என்ற நிபந்தனையோடு பட்டம் உறுதி.

வீட்டுக்குள் நுழைந்ததும் பேரக்குழந்தைகள் அவளைச் சுற்றிச் சுற்றி வந்து "டாக்டர், டாக்டர், வயித்து வலி" என்று கூத்தடித்தன.


ஆகஸ்ட் 1, வியாழன்

நேற்றோடு என் பணி நீட்டிப்பு முடிந்தது. மேலும் ஓராண்டு தருவதாகச் சொன்னார்கள், வேண்டாம் என்றேன். இன்று முதல் நுண்ணோக்கி அறை மருமகளின் பொறுப்பு.

வேலைநாள் ஒன்றில், முற்பகலில், மனையாளுக்கு எதிரே அமர்ந்து காப்பி அருந்துவது இதுவே முதல்முறை. அவள் செய்தித்தாளில் பாதியைக் கிழிக்காமல் பிரித்து என்னிடம் நீட்டினாள்.

பதினொரு மணி வாக்கில் தொலைபேசி. மருமகள்தான்.

"மாமா, ஒருத்தர் சிலந்தி நூல் கொண்டுவந்திருக்கார். இப்பத்தான் பிரிச்ச புது ஊசி. திருப்பி வெச்சும் எடுத்துட்டேன், சரியாத் திரும்புது. படம் வந்துக்கிட்டே இருக்கு."

"எப்படி இருக்கு?"

"தெரியல மாமா." குரலில் மூச்சு வாங்கியது. "இதுவரைக்கும் பாத்த எது மாதிரியும் இல்ல."

என் கால்கள் தாமே வாசலை நோக்கித் திரும்பின. மனையாள் செய்தித்தாளுக்கு மேலாக என்னைப் பார்த்தாள். நான் மீண்டும் அமர்ந்தேன்.

"மேல் ஓரத்துலேருந்து சொல்லும்மா, வரிவரியா" என்றேன். அவள் சொல்லச் சொல்ல, கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தேன்.